உட்கரு உறையும் அண்ணனின் முழங்கையும்

என் கல்யாண ஆல்பத்தில் அண்ணன் இருக்கும் படங்கள் எல்லாவற்றிலும் அவருடைய இரண்டு கைகளும் முழங்கையில் கொஞ்சம் மடங்கியே இருக்கும். யாரோ கூடையை நீட்டப்போகிறார்கள், வாங்கிக்கொள்ளலாம் என்று நிற்பவரைப் போல நிற்பார். எங்களுக்கு அது வித்தியாசமாகவே பட்டதில்லை. அப்பாவும் அப்படித்தான் நிற்பார். கொடிக்காலில் ஏணி மேல் நின்று வருஷக்கணக்கில் வெற்றிலை கிள்ளுகிறவர்களுக்குக் கை அப்படி ஆகிவிடும் என்று வீட்டில் ஒரு நம்பிக்கை இருந்தது. பக்கத்துக் கொடிக்கால்காரர்களின் கைகள் நேராகத்தானே தொங்குகின்றன என்று யாரும் யோசிக்கவில்லை. விலங்கியல் முதுகலை படித்த நானும் யோசிக்கவில்லை.

எங்கள் கொடிக்கால் பரமத்தி வேலூருக்குப் பக்கத்தில், ஆற்று வாய்க்காலை ஒட்டி இருக்கிறது. அப்பா தன் நாற்பத்தொன்றாவது வயதில் அங்கேதான் இறந்தார். தண்ணீர் கட்டிவிட்டு வரப்பில் உட்கார்ந்தவர் அப்படியே சாய்ந்துவிட்டார். மாரடைப்பு என்றார்கள். எனக்கு அப்போது பதினான்கு வயது, அண்ணனுக்குப் பத்தொன்பது. அதன்பிறகு அண்ணன்தான் கொடிக்காலைப் பார்த்துக்கொண்டார், என்னைப் படிக்க வைத்தார். நான் இப்போது நாமக்கல்லில், மருத்துவ நுழைவுத் தேர்வுக்குப் பிள்ளைகளைத் தயார்செய்யும் ஒரு விடுதிப் பள்ளியில் உயிரியல் நடத்துகிறேன். கணவர் ஒரு கோழித்தீவன ஆலையில் வேலை பார்க்கிறார். ஒரே மகள். இது நடந்தபோது அவளுக்குப் பதினொரு வயது.

ஒரு செவ்வாய்க்கிழமை முற்பகலில் அண்ணியிடமிருந்து போன் வந்தது.

"அம்மிணி, உங்கண்ணன் ஏணியிலிருந்து உழுந்துட்டாருங்க. கண்ணு முழிச்சிருக்காரு, ஆனா பேச்சு கொழறுது. பரமத்தி வேலூர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டு வந்திருக்கறோம்."

நான் போய்ச் சேர்ந்தபோது அண்ணன் கட்டிலில் படுத்திருந்தார். நெற்றியில் கட்டு. என்னைப் பார்த்ததும் சிரிக்க முயன்றார். டாக்டர் அவருடைய மணிக்கட்டைப் பிடித்தபடி தன் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒருமுறை எண்ணி முடித்துவிட்டு மறுபடியும் முதலிலிருந்து எண்ணினார்.

"முப்பத்தி நாலுதான் இருக்கு" என்றார் என்னிடம். "விழுந்ததால மயக்கம் வரலைங்க. மயக்கம் வந்ததாலதான் விழுந்திருக்காரு. உடனே சேலம் கொண்டு போயிடுங்க."

ஆம்புலன்ஸில் அண்ணனின் தலைமாட்டில் ஒரு சின்னத் திரை இருந்தது. அதில் எண் முப்பத்தாறு, முப்பத்திமூன்று, முப்பத்தைந்து என்று மாறிக்கொண்டே இருந்தது. சேலம் போகும்வரை நான் அதை மட்டும்தான் பார்த்தேன். கண்ணை எடுத்தால் அது இன்னும் இறங்கிவிடும் என்று ஒரு பயம். அண்ணன் நடுவில் ஒருதரம் "கிள்ளுன வெத்தல வாடிப் போயிருமே, யாராச்சும் தண்ணி தெளிச்சாங்களா?" என்று கேட்டார். அண்ணி அவர் காலைப் பிடித்துக்கொண்டாள்.

சேலத்தில் தொடை வழியாக ஒரு கம்பியை இதயம் வரை செலுத்தி, தற்காலிகமாகத் துடிப்பைச் சரிசெய்தார்கள். மறுநாள் காலை இதய மருத்துவர் வந்தார். ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். அண்ணனின் கையில் ரத்த அழுத்தப் பட்டையைச் சுற்றிக்கொண்டிருந்த நர்ஸ், "கையை நல்லா நீட்டுங்கய்யா" என்றாள்.

"இவ்வளவுதான் நீளுமுங்க."

மருத்துவர் குறிப்பேட்டிலிருந்து தலையைத் தூக்கினார். அண்ணனின் இரண்டு முழங்கைகளையும் பிடித்து மெதுவாக நிமிர்த்திப் பார்த்தார். நிமிரவில்லை. தாடையை நெஞ்சில் வைக்கச் சொன்னார். கழுத்து பாதிவரைதான் குனிந்தது. பாதத்தைப் பிடித்து மேலே மடக்கிப் பார்த்தார். குதிகால் தசைநாண் விறைத்து நின்றது.

"அப்பா இருக்காங்களா?"

"இல்லீங்க. எனக்குப் பத்தொம்பது வயசு இருக்கறப்பவே போயிட்டாருங்க. நெஞ்சுவலி."

"அவர் கை எப்படி இருக்கும்?"

அண்ணன் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். இருபத்தைந்து வருஷமாக எங்கள் இரண்டு பேருக்கும் தெரிந்திருந்த ஒன்றை அந்த நிமிஷம்தான் முதன்முதலாகப் பார்த்தோம்.

"என்ற கையாட்டவேதானுங்க இருக்கும்" என்றார் அண்ணன்.

மருத்துவர் அதற்குமேல் கேட்கவில்லை. துடிப்பு குறைந்தால் தூண்டிவிடவும், தாறுமாறாக ஓடினால் அதிர்ச்சி கொடுத்து நிறுத்தவும் தெரிந்த ஒரு கருவியை அந்த வாரமே அண்ணனின் இடது தோளுக்குக் கீழே வைத்தார்கள். மரபணுச் சோதனைக்கு ரத்தம் அனுப்பினார்கள். முடிவு வர ஒன்றரை மாதம் ஆகும் என்றார்கள்.

அந்த முடிவைச் சொன்னவர், மாதம் ஒருநாள் கோயம்புத்தூரிலிருந்து அந்த மருத்துவமனைக்கு வரும் மரபணு மருத்துவர். என்னைவிட இளையவர். அண்ணன், அண்ணி, நான் மூவரும் அவர் எதிரில் உட்கார்ந்திருந்தோம். நான் உயிரியல் ஆசிரியை என்று யாரோ சொல்லியிருந்தார்கள்.

"அப்ப உங்களுக்கு உட்கரு உறை தெரிஞ்சிருக்கும்" என்றார்.

தெரியும். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். இரண்டு சவ்வுகள். நடுவில் மெல்லிய இடைவெளி. வெளிச்சவ்வு எண்டோபிளாச வலையோடு தொடர்ந்திருக்கும், அதன்மேல் ரைபோசோம்கள் ஒட்டியிருக்கும். இரண்டு சவ்வுகளும் ஆங்காங்கே ஒன்றாகச் சேர்ந்து துளைகள் உண்டாகும். ஆர்.என்.ஏ.வும் புரதங்களும் அந்தத் துளைகள் வழியாக உள்ளேயும் வெளியேயும் போகும். ஒவ்வொரு வருஷமும் இதிலிருந்து ஒரு கேள்வியாவது வரும் என்று பிள்ளைகளிடம் அடித்துச் சொல்லியிருக்கிறேன்.

"சரி, உள்சவ்வுக்கு உள்பக்கம் என்ன இருக்கு?"

எங்கள் கையேட்டில் அதற்கு ஒரு வரிதான் உண்டு. அந்த ஒரு வரியைச் சொன்னேன். அவர் தலையசைத்துவிட்டு ஒரு தாளை எடுத்து, அண்ணன் பக்கம் திருப்பி வைத்து வரைந்தார்.

"உடம்புல கோடிக்கணக்கான செல் இருக்குங்கய்யா. ஒவ்வொண்ணுக்குள்ளயும் இப்படி ஒரு உருண்டை. அப்பா அம்மாகிட்டயிருந்து வந்த செய்தியெல்லாம் அதுக்குள்ளதான் இருக்கு. உருண்டையைச் சுத்தி ரெண்டு சவ்வு. சவ்வு ரொம்ப மெல்லிசு, தானா நிக்காது. அதனால உள்பக்கமா ஒரு வலை தாங்குது. அந்த வலையைப் பின்னுற புரதத்துக்கு லேமின்னு பேரு. எமெரின்னு இன்னொரு புரதம் சவ்வுல பதிஞ்சு நின்னு அந்த வலையைப் பிடிச்சுக்குது. உங்களுக்கு லேமினைச் செய்யற மரபணுவில ஒரு எழுத்து மாறியிருக்கு."

"ஒரு எழுத்துதானுங்களா?"

"ஒரே எழுத்துதான்."

அண்ணன் அந்தப் படத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "எல்லா செல்லுலயும் இருக்குதுன்னு சொல்றீங்க. அப்புறம் ஏனுங்க கையும் காலும் நெஞ்சும் மட்டும் இப்படி ஆகோணும்? கண்ணு நல்லாத்தான தெரியுது, வயிறு நல்லாத்தான இருக்குது?"

"இதுக்கு முழுப் பதில் இன்னும் யாருக்கும் தெரியாதுங்க" என்றார் மருத்துவர். "தசையும் இதயமும் ஓயாம இழுபட்டுச் சுருங்குது. வலை சரியில்லைன்னா அங்க இருக்கற உருண்டைதான் முதல்ல நசுங்கும், பிதுங்கும். இன்னொண்ணும் சொல்றாங்க. எந்த மரபணு எப்ப வேலை செய்யணும், எது சும்மா இருக்கணும்கிறதுலயும் அந்த வலைக்குப் பங்கு இருக்கு. ரெண்டுமே சேர்ந்து இருக்கலாம்."

இத்தனை வருஷம் இதை நடத்திய நான் ஒருநாளும் கேட்டுக்கொள்ளாத கேள்வியைப் பத்தாவது வரை படித்த அண்ணன் கேட்டுவிட்டார்.

மருத்துவர் மடிக்கணினியில் இரண்டு படங்கள் காட்டினார். முதலாவதில் முட்டை வடிவில், சீரான விளிம்போடு ஓர் உட்கரு. அடுத்ததில் இன்னோர் உட்கரு ஒரு பக்கம் வீங்கி, புண்ணில் கொப்புளம் கிளம்பியதைப் போல வெளியே பிதுங்கியிருந்தது. அது அண்ணனுடைய செல் இல்லை, வேறு யாரோ ஒரு நோயாளியுடையது என்றார். ஆனாலும் நான் அதை அண்ணனுடையதாகத்தான் பார்த்தேன்.

கடைசியாக, அந்த எழுத்து அப்பாவிடமிருந்து வந்திருக்க வேண்டும் என்றார். இது இருப்பவருக்குப் பிறக்கும் ஒவ்வொரு பிள்ளைக்கும் பாதிக்குப் பாதி வாய்ப்பு. சிலருக்குக் கையில் எதுவுமே தெரியாமல் நேராக இதயத்தில் காட்டலாம். கூடப் பிறந்தவர்களும் பிள்ளைகளும் சோதித்துக்கொள்வது நல்லது. சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார்.

வெளியே வந்ததும் அண்ணன் எங்கள் இருவரிடமும் சொன்னார்: "புள்ளைக்கு இப்ப ஒண்ணும் சொல்ல வேண்டாம்."

அவருடைய மகளுக்கு அப்போது இருபது வயது. சேலத்தில் விடுதியில் தங்கிக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள். அப்பாவுக்கு இதயத்தில் சின்னக் கோளாறு, கருவி வைத்துச் சரியாகிவிட்டது என்று மட்டும்தான் அவளுக்குத் தெரிந்திருந்தது.

"அண்ணா, அவளும் பாத்துக்கோணுமுங்க."

"மாப்பிள்ள பாக்கற வயசு சாமி. வெளிய ஒரு வார்த்தை போச்சுன்னா ஊர் முழுக்கப் பரவீரும்."

"கல்யாணம் முக்கியமா, அவ உசுரு முக்கியமாங்கண்ணா?"

அண்ணி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நான் அப்படிக் கேட்டிருக்கக் கூடாது. மருத்துவமனை வாசலில், அதுவும் அந்த முடிவு கையில் இருக்கும்போது. "முதல்ல நான் பாத்துக்கறேன். அப்புறம் பேசலாம்" என்றேன்.

சொல்லிவிட்டேனே தவிர, போகவில்லை.

தினமும் காலையில் குளியலறைக் கதவில் முதுகைச் சாய்த்துக் கைகளைக் கீழே நீட்டிப் பார்ப்பேன். நேராக இருக்கும். கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தால் இடது கை சற்று மடங்கியிருப்பது போலத் தோன்றும். தேர்வு அறையில் மேற்பார்வைக்கு நிற்கும்போது சுவர்க்கடிகாரத்தைப் பார்த்து நாடியை எண்ணுவேன். எழுபத்திரண்டு வந்தால் அடுத்த மணிநேரம் நிம்மதி. ஒருநாள் ஐம்பத்தெட்டு வந்தது. மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். உடனே மறுபடி எண்ணினால் தொண்ணூறைத் தாண்டியிருந்தது.

மகளைக் குதிகால் தரையில் படும்படி குந்தி உட்காரச் சொன்னேன். உட்கார்ந்தாள். மறுநாளும் சொன்னேன். மூன்றாம் நாள், "எதுக்கும்மா இது?" என்று கேட்டாள்.

"சும்மா. உடற்பயிற்சி."

"அப்ப நீயும் செய்."

இருவரும் கூடத்தில் குந்தி உட்கார்ந்தோம். கணவர் செய்தித்தாளைத் தாழ்த்திப் பார்த்தார். அவள் பள்ளிக்குப் போனதும், "ஒருநாள் போய்ப் பாத்துட்டு வந்துரலாமே" என்றார்.

"பாத்தா தெரிஞ்சிருமே."

"தெரியறது நல்லதுதான?"

நல்லதுதான். அது எனக்கும் தெரிந்திருந்தது. ஆனால் தெரியாமல் இருக்கும்வரை பாதி வாய்ப்பு என் பக்கம் இருந்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு நாளைக் கடத்தினேன். எனக்கு இருந்தால் மகளுக்கும் சோதிக்க வேண்டும் என்பதைத்தான் தாண்ட முடியவில்லை.

செல் பாடம் அந்த மாதமே வந்தது. கரும்பலகையில் உட்கருவை வரைந்தேன். எத்தனையோ தரம் வரைந்த படம். அன்று வட்டத்தைச் சுற்றி வரும்போது ஒரு பக்கம் கோடு வெளியே தள்ளிப் போய்விட்டது. அதைப் பார்த்ததும் வேகமாக அழித்தேன். நடு வரிசையில் இருந்த ஒரு மாணவி கையைத் தூக்கினாள்.

"மேம், உள்ளே அந்த லேமினா வலை இல்லாட்டி என்ன ஆகும்?"

"அது பாடத்துல இல்லை" என்றேன். குரல் உயர்ந்துவிட்டது. "பரீட்சையில வராததையெல்லாம் கேட்டு நேரத்தை வீணாக்காதே."

அவள் முகம் சுருங்கி உட்கார்ந்தாள். மணி அடித்ததும் ஆசிரியர் அறைக்குப் போய்த் தண்ணீர் குடித்தேன். அந்தப் பெண் கேட்டது தவறே இல்லை. பத்து வருஷத்தில் ஒரு பிள்ளை மனப்பாடத்தைத் தாண்டிக் கேட்ட கேள்வி. அடுத்த நாள் வகுப்பில் அவளை எழுந்திருக்கச் சொன்னேன். பயந்துகொண்டே எழுந்தாள். "நேத்து நீ கேட்டதுக்குப் பதில் சொல்றேன்" என்று, எனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னேன். வலை பலவீனமானால் உட்கரு பிதுங்கும், தசை இறுகும், இதயத்தில் துடிப்பைக் கடத்துகிற பாதை அறுபடும். தெரியாததைத் தெரியாது என்றே சொன்னேன். அண்ணனைப் பற்றிச் சொல்லவில்லை. யாரும் குறிப்பு எடுக்கவில்லை.

அந்த வாரம் கணவரைக் கூட்டிக்கொண்டு சேலம் போய் ரத்தம் கொடுத்தேன். எங்கள் குடும்பத்தில் எந்த எழுத்து மாறியிருக்கிறது என்று தெரிந்திருந்ததால் இந்த முறை மூன்று வாரம் போதும் என்றார்கள். அந்த மூன்று வாரத்தில் நான் என்ன நடத்தினேன், என்ன சமைத்தேன் என்று நினைவில்லை. குழம்பில் இரண்டு தரம் உப்புப் போட்டதாக மகள் இன்னும் சொல்லிக்காட்டுவாள்.

முடிவு வாங்கத் தனியாகப் போனேன். கணவருக்கு அன்று லீவு கிடைக்கவில்லை. மரபணு மருத்துவர் நான் உட்காரும் முன்பே சொல்லிவிட்டார்.

"உங்களுக்கு இல்லைங்க."

"சரியாப் பாத்தாங்களா?"

"ரெண்டு தரம் பாத்திருக்காங்க. இல்லை."

"அப்ப என் பொண்ணுக்கு?"

"உங்களுக்கே இல்லாதது அவளுக்கு எப்படி வரும்? நீங்க பயப்படவே வேண்டாம்."

கீழே மருந்துக் கடைக்கு முன்னால் இருந்த நாற்காலியில் வந்து உட்கார்ந்தேன். உடம்பெல்லாம் லேசாகிப்போனது போல இருந்தது. மகளைத்தான் முதலில் நினைத்தேன். அவள் ஓடுவாள், ஆடுவாள், நான் எதையும் எண்ண வேண்டியதில்லை. அதற்குப் பின்னாலேயே அண்ணன் வந்துவிட்டார். இரண்டு பேருக்கும் ஒரே அப்பா. எனக்குக் கிடைத்தது அவருக்குக் கிடைக்கவில்லை. இதை எந்தக் குரலில் அவரிடம் சொல்வது என்று தெரியாமல் அரைமணி நேரம் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அவரே கூப்பிட்டுவிட்டார்.

"என்ன சாமி சொன்னாங்க?"

"எனக்கு இல்லீங்களாம்ண்ணா."

அவர் பெருமூச்சு விடுவது கேட்டது. "அப்பாடா. ஒண்ணாச்சும் தப்பிச்சுதே" என்றார். உடனே, "ஏன் அழுகற? இல்லைன்னுதான சொன்னாங்க?" என்றார்.

நான் முகத்தைத் துடைத்துக்கொண்டேன். "சரி சரி, எதாச்சும் சாப்பிட்டுட்டு பஸ் ஏறு" என்று அவரே வைத்துவிட்டார்.

எனக்கு இல்லை என்று தெரிந்தபின், அவருடைய மகளைப் பற்றி வாயெடுக்கும் துணிச்சல் எனக்குச் சுத்தமாகப் போய்விட்டது. தப்பித்துக்கொண்டவள் கரையில் நின்று புத்தி சொல்வது போல இருக்குமே என்று தோன்றியது. இரண்டு மாதம் பேசாமல் இருந்தேன். அந்த இரண்டு மாதமும், அவளிடமிருந்து போன் வந்தால் ஏதாவது சாக்குச் சொல்லிச் சீக்கிரம் வைத்துவிடுவேன்.

பொங்கல் விடுமுறைக்கு ஊருக்குப் போனவள், பீரோவில் எதையோ தேடப்போய் அண்ணனின் மருத்துவமனைக் கோப்பைப் பார்த்துவிட்டாள். அதில் இருந்த மரபணுப் பெயரைப் போனில் தேடிப் படித்திருக்கிறாள். மறுநாள் காலை என்னைக் கூப்பிட்டாள். குரலில் கோபம் இல்லை.

"அத்தை, உங்களுக்கு டெஸ்ட் எடுத்தீங்களா?"

"எடுத்தேன் கண்ணு. எனக்கு இல்லை."

"நல்லதுங்கத்தை. எனக்கு எப்ப எடுக்கறது? அப்பாகிட்ட நானே பேசிட்டேன். சரின்னுட்டாரு."

அண்ணனே அவளைக் கூட்டிக்கொண்டு சேலத்துக்கு வந்தார். ரத்தம் கொடுத்த அன்றும் நான் போனேன், முடிவு சொன்ன அன்றும் போனேன். அவளுக்கு இருந்தது.

மருத்துவர் நிதானமாகப் பேசினார். இப்போது இதயத்தில் எந்தக் குறையும் இல்லை. வருஷம் ஒருமுறை பார்த்துக்கொண்டே வந்தால், அப்பாவுக்கு வந்ததைப் போல விழுந்தபிறகு கண்டுபிடிக்க வேண்டியிருக்காது. தாத்தா காலத்தில் இது எதுவும் தெரியவில்லை. படிக்கலாம், வேலைக்குப் போகலாம், கல்யாணம் செய்துகொள்ளலாம். அண்ணன் மடங்கிய கைகளை மடியில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்தபடி இருந்தார்.

"எங்கிட்ட இருந்துதான புள்ளைக்குப் போச்சு" என்றார்.

அவள் அவர் பக்கம் திரும்பினாள். "நீங்க என்ன தெரிஞ்சா குடுத்தீங்க? எந்திரிங்கப்பா, அடுத்தது எக்கோ எடுக்கோணும்."

இப்போது வருஷா வருஷம் அவள் சோதனைக்குப் போகும்போது நான் கூடப் போகிறேன். அண்ணன் ஏணி ஏறுவதை விட்டுவிட்டார். கிள்ள ஆள் வைத்துவிட்டு, நிழலில் உட்கார்ந்து வெற்றிலையை அடுக்கிக் கட்டுகிறார். கருவி இதுவரை இரண்டு முறை அதிர்ச்சி கொடுத்திருக்கிறது. இரண்டு முறையும் பிழைத்தார். போனில் அண்ணியின் பெயரைப் பார்த்தால் இன்றும் முதல் மணியிலேயே எடுத்துவிடுவேன்.

போன மாதம் அவளுக்கு ஒருநாள் முழுக்க இதயத்துடிப்பைப் பதிவுசெய்யும் பெட்டியை இடுப்பில் கட்டிவிட்டார்கள். நெஞ்சில் ஒட்டிய வயர்கள் சுடிதாருக்குள் மறைந்திருந்தன. கூடவே ஒரு தாள். அன்று என்னென்ன செய்தாள், அப்போது மணி என்ன என்று அதில் குறிக்க வேண்டும். பேருந்து நிலையத்தில் நாமக்கல் பஸ்ஸுக்காகக் காத்திருந்தபோது அவள் பெஞ்சில் உட்கார்ந்து எழுதினாள். பதினொன்று பத்து, மாடிப்படி ஏறினேன். பதினொன்று நாற்பது, காபி குடித்தேன்.

பிறகு பேனாவை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள்.

"அத்தை, பயந்தேன்னு எழுதலாமா?"

"எப்ப பயந்த?"

"இப்பத்தான். சும்மா உக்காந்திருக்கறப்ப."

"எழுது" என்றேன்.

அவள் கடிகாரத்தைப் பார்த்து நேரத்தைக் குறித்துக்கொண்டாள். பஸ் வந்தது. ஜன்னலோர இருக்கையை அவளுக்குக் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தேன். அவள் மணிக்கட்டைப் பிடித்து எண்ண வேண்டும் போல இருந்தது. பெட்டி எண்ணிக்கொண்டிருக்கிறது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு, கைகளை மடியில் வைத்துக்கொண்டேன்.